அடைப்பு வீடும் என் முகமும்

குடியாத்தத்திலிருந்து பள்ளிகொண்டா போகிற ரோட்டில், உச்சி வெயிலில் நடந்துகொண்டிருந்தேன். கண்ணுக்குக் கீழே தீட்டியிருந்த மை வியர்வையில் கரைந்து தாடிக்குள் இறங்கியது. உடம்பில் கறுப்பு ஜிப்பா. கழுத்தில் ருத்திராட்சம், அது சேனலுக்குச் சொந்தம். கழற்றி வைத்துவிட்டு வரத் தோன்றவில்லை. செருப்பு மட்டும் என்னுடையது.

பஸ்ஸில் ஏறியிருக்கலாம். ஏறினால் யாராவது முகத்தைப் பார்ப்பார்கள். ரோட்டில் நடந்தாலும் பார்க்கத்தான் செய்தார்கள். ஒரு பள்ளிக்கூட வேன் கடக்கும்போது ஜன்னலில் இருந்து கூச்சல் வந்தது.

"டேய், பேய் மாமாடா!"

வேன் போய் வெகுநேரம் கழித்தும் காதுக்குள் அந்தச் சத்தம் இருந்தது.

என் வேலை இன்னது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். பேய் வீடுகளைப் பற்றி யூடியூபில் வரும் படங்களில், நடுநடுவே ஒருவர் வந்து உட்கார்ந்து விளக்கம் சொல்வார் இல்லையா, அது நான். கீழே 'அமானுஷ்ய ஆய்வாளர்' என்று எழுத்து ஓடும். நான் எட்டாவது பாதியில் ஆலங்காயத்தை விட்டு ஓடிவந்தவன். ஆம்பூரில் தோல் பதனிடுகிற ஷாப்பில் ஈரத்தோல் சுமந்தேன். ஷூ கம்பெனியில் அட்டைக்குப் பசை தடவினேன். வேலூரில் லாட்ஜில், வைத்தியத்துக்கு வந்த வடநாட்டுக்காரர்களுக்குச் சோறு வாங்கிக் கொடுத்தேன். எதிலும் நிலைத்து நிற்கவில்லை. கடைசியாக, மூடிக்கிடந்த ஒரு தோல் ஷாப்புக்கு வாட்ச்மேனாக இருந்தபோதுதான் கேமராவோடு சில பேர் வந்தார்கள்.

"இங்க ராத்திரியில சத்தம் கேக்குமா?" என்றார் சேனல் நடத்துகிறவர். மெட்ராஸ்காரர். நான் அவரை அண்ணா என்றுதான் கூப்பிட்டேன், கடைசி வரைக்கும்.

"கேக்கும்ணா. தோல் சுத்துற மர டிரம்மு காய்ஞ்சி வெடிக்கும். உள்ளருந்து யாரோ கையால தட்ற மாதிரியே இருக்கும்."

படத்தில் என் பேச்சின் முதல் பாதியை வெட்டிவிட்டு, "உள்ளருந்து யாரோ கையால தட்ற மாதிரியே இருக்கும்" என்பதை மட்டும் வைத்தார்கள். மூன்று தரம் திரும்பத் திரும்பப் போட்டார்கள். படம் நன்றாக ஓடியது. அடுத்த வாரமே அண்ணன் போன் செய்தார். "உன் மூஞ்சில ஒரு இது இருக்குபா. தாடி மட்டும் விட்டுடு."

ஆரம்பத்தில் நான் உள்ளதைச் சொல்வேன், அவர்கள் வெட்டுவார்கள். போகப்போக வெட்டத் தேவையில்லாத மாதிரி பேசப் பழகிக்கொண்டேன். வேலை அப்படித்தான் பிடிபடும், தோலானாலும் பேச்சானாலும்.

பார்க்கிறவர்கள் நினைப்பதுபோல் ராத்திரியில் நாங்கள் போகமாட்டோம். ஜன்னலுக்குக் கறுப்புத் துணி கட்டிவிட்டுப் பகலில் எடுப்போம். கம்ப்யூட்டரில் பச்சை நிறம் ஏற்றினால் நடு ராத்திரி ஆகிவிடும். "நம்ம பேயெல்லாம் பகல் ஷிப்ட்டு" என்பார் அண்ணன். கடைசி பஸ் போவதற்குள் எல்லோரும் வீடு போய்ச் சேரவேண்டும்.

இன்னொரு ஏற்பாடும் உண்டு. வேலூரில் ஒரு செல்போன் கடைக்கு மேலே அவர்களுக்கு ரூம் இருந்தது. அவ்வப்போது என்னை அங்கே கறுப்புத் துணிக்கு முன்னால் உட்காரவைத்து, ஒரு வீடும் இல்லாமல், எந்த வீட்டுக்கும் பொருந்துகிற மாதிரி பேசவைப்பார்கள். 'உள்ளே கால் வெச்சதும் ஒரு கனம் தெரிஞ்சது.' 'இது சாதாரண சாவு இல்ல.' 'இந்த வீட்டுக்குள்ள யாரும் போகாதீங்க.' இடதுபக்கம் திரும்பித் திடுக்கிடுவேன். வலதுபக்கம் திரும்பித் திடுக்கிடுவேன். ஸ்டாக் என்பார் அண்ணன். எனக்குக் காய்ச்சல் என்றாலும் படம் நிற்கக் கூடாது, அதற்காக.

முகம் தெரிந்துபோனால் வரும் பேஜார் சொல்லி மாளாது. பாகாயத்தில் நான் இருந்த ரூமை வீட்டுக்காரர் காலி செய்யச் சொன்னார். "உன்மேல கோவம் இல்ல தம்பி. உன்கூட எதனா வந்துடப் போவுதுன்னு வீட்ல பயப்படுறாங்க" என்றார். இதைவிட ஆம்பூர் பஸ்ஸில் நடந்ததுதான் என்னைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. ஒரு பெண் கைக்குழந்தையை என் மடியில் வைத்துவிட்டாள். ராத்திரி முழுக்க அழுகிறதாம், பார்த்துச் சொல்ல வேண்டுமாம். குழந்தைக்குக் காதில் சீழ் வாடை அடித்தது. "ஒண்ணுமில்லம்மா, பேயும் இல்ல ஒண்ணும் இல்ல, காது டாக்டர்கிட்ட போ" என்றேன். அவள் முகம் வெளுத்துவிட்டது. பக்கத்தில் இருந்தவளிடம் சொல்கிறாள்: "அவரே கைய விரிச்சுட்டார் பாருக்கா. அப்ப எவ்ளோ பெரிசா இருக்கும்." டாக்டரிடம் போனாளோ இல்லையோ, எனக்குத் தெரியாது. நான் இருக்கிறது என்றால் நம்புவார்கள். இல்லை என்றால் இன்னும் ஜாஸ்தியாக நம்புவார்கள். அன்றைக்குத் தெரிந்துகொண்டேன்.

இனி குடியாத்தத்து வீட்டுக்கு வருகிறேன். பூட்டிக்கிடக்கிற ஒரு வீட்டில் தினமும் சாயங்காலம் விளக்கு எரிகிறது, பின் சுவரில் ஆள் போகிற அளவுக்கு ஓட்டை விழுந்து அடைபட்டிருக்கிறது என்று சேனலுக்கு யாரோ எழுதியிருந்தார்கள். அன்று காலை வேனில் போய் இறங்கினோம். வீட்டுக்கார அம்மாவிடம் லுங்கி நெசவு பற்றிய படம் என்று அண்ணன் சொல்லி வைத்திருந்தார். நான் அப்போது சாதாரண சட்டையில், தலைக்குத் துண்டு கட்டிக்கொண்டு, லைட்டு ஸ்டாண்டு இறக்கிக்கொண்டிருந்தேன். என்னைக் கூலியாள் என்று நினைத்து அந்த அம்மா என்னிடமே பேசினார்.

"பின்னால இருக்கிற ரூம மட்டும் தொறக்காதீங்கபா. எங்க வீட்டுக்காரர் அவிட்டத்துல போய்ட்டார். ஆறு மாசம் அடைப்பு. நாளைக்குக் காலைல ஐயர் வந்து ஓமம் பண்ணி அவர்தான் தொறக்கணும்."

எனக்குப் புரிந்துவிட்டது. எங்கள் பக்கத்தில் சில நட்சத்திரங்களில் ஒருவர் இறந்தால் பிணத்தைத் தலைவாசல் வழியாக எடுக்கமாட்டார்கள். சுவரை இடித்து அந்த வழியாக எடுத்து, அப்புறம் செங்கல் வைத்து அடைப்பார்கள். அந்த அறையைப் பூட்டி, வேறு இடத்தில் தங்கிக்கொண்டு, அதன் வாசலில் தினமும் விளக்கு மட்டும் வைத்துவிட்டு வருவார்கள். கெடு முடிந்ததும் பூஜை செய்து திறப்பார்கள். அவ்வளவுதான் ஓட்டை. அவ்வளவுதான் விளக்கு.

"அப்ப தறியெல்லாம்?" என்றேன். முன்கூடத்தில் நாலு பவர்லூம் பழைய புடவை போர்த்திக்கொண்டு நின்றன.

"அடைப்பு வீட்டுக்குள்ள தறி ஓட்ட வரமாட்டோம்னு ஆளுங்க சொல்லிட்டாங்க. ஆறு மாசமா வாடகை ரூம்ல உக்காந்து ஊரார் தறிக்குத் தார்க்குச்சியில நூல் சுத்திக் குடுத்து வயித்தக் கழுவினேன். நாளைக்கு ரெண்டு பேரு வர்றேன்னு சொல்லியிருக்காங்க. நூல் குடுக்குற லுங்கி மொதலாளி பாவும் நூலும் இறக்கிட்டார். தறி ஓடலன்னா மறுநாளே வேற வீட்டுக்கு ஏத்திக்கினு போய்டுவேன்னும் சொல்லிட்டார். நல்லா எடுங்கபா. நாலு பேரு பாத்து வேலை வந்தா நல்லதுதான்."

சாவியைக் கொடுத்துவிட்டு ஐயர் வீட்டுக்குப் போனார்.

அவர் தலை மறைந்ததும் பையன்கள் கறுப்புத் துணியை எடுத்தார்கள். எனக்கு மை தீட்டி ஜிப்பா மாட்டிவிட்டார்கள். நான் அண்ணனைப் பின்பக்கம் கூட்டிப்போய்ச் சொன்னேன்.

"அண்ணா, இது பேய் இல்ல. அடைப்பு வீடு."

"அடைப்பு வீடா? சூப்பரா இருக்குபா பேரு. அதையே தலைப்பா வெச்சிடலாம்."

"ஐயோ, கேளுங்கண்ணா. பொணம் எடுத்த வழி அது. நாளைக்கு வீடு தொறக்குறாங்க. பேய்னு போட்டா ஒரு ஆளும் தறிக்கு வரமாட்டான். அந்த அம்மா இன்னா பண்ணுவாங்க?"

"நான் போடலன்னா இன்னொருத்தன் போடுவான். நீ சுவத்தப் பாத்து, ஆவி உடைச்சிக்கினு வெளிய போன வழின்னு ஒரே ஒரு வரி சொல்லு. போதும்."

"நான் சொல்லமாட்டேண்ணா."

அவர் கோபப்படவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. தோளில் கை போட்டுச் சிரித்தார். "சித்தருக்கு ரோஷம் வந்துடுச்சி. சரி, போய்ட்டு வா. நீ போனாலும் உன் தலை என் ஹார்ட் டிஸ்க்ல இருக்கு."

பையன்களும் சிரித்தார்கள். நான் வாசலைத் தாண்டி நடக்க ஆரம்பித்தேன். ஊர் எல்லை தாண்டிய பிறகுதான் அவர் சொன்னது முழுதாக உறைத்தது. நான் இந்த வாயால் சொல்லாவிட்டாலும், போன மாதம் கறுப்புத் துணிக்கு முன்னால் சொன்ன வாய் அங்கே இருக்கிறது. 'இந்த வீட்டுக்குள்ள யாரும் போகாதீங்க.' ஒட்டிவிட்டால் முடிந்தது.

அதனால் நடக்க நடக்க என் கால் வேகமானதே தவிர மனசு அந்த வீட்டைவிட்டு வரவில்லை. பள்ளிகொண்டா போய், தாடியை எடுத்துவிட்டு, ஹைவேயில் ஏதாவது லாரி பிடித்து ஓசூர் பக்கம் போய்விடலாம் என்று கணக்கு போட்டேன். இதற்கு முன்னால் எத்தனையோ இடத்தைவிட்டு அப்படிப் போயிருக்கிறேன். ஒரு தடவையும் பின்னால் திரும்பிப் பார்த்ததில்லை. இந்தத் தடவை மட்டும் பத்தடிக்கு ஒரு தரம் திரும்பினேன். பின்னால் ஒருவரும் இல்லை. புளியமரமும் வெயிலும்தான்.

பாலாத்துப் பாலம் தாண்டி ஒரு டீக்கடையில் தண்ணீர் வாங்கி முகம் கழுவினேன். கழுவி நிமிர்ந்தால், டீ மாஸ்டர் ஒரு கையில் டம்ளரும் ஒரு கையில் போனுமாக என்னையே பார்க்கிறார். போனைப் பார்க்கிறார். மறுபடி என்னைப் பார்க்கிறார்.

"இன்னாங்க, இதுல குடியாத்தத்துல இருக்கீங்க. இங்க மூஞ்சி கழுவுறீங்க?"

வாங்கிப் பார்த்தேன். முன்னோட்டம் போட்டுவிட்டார்கள். அந்த அம்மாவின் தலைவாசல், பச்சை இருட்டு, புதுச் செங்கல். அப்புறம் என் முகம் இடதுபக்கம் திரும்பித் திடுக்கிடுகிறது. "இது சாதாரண சாவு இல்ல." முழுப் படம் இன்று மாலை என்று கீழே எழுதியிருந்தது.

"நெசமாவே பேய் இருக்கா?" என்றார் மாஸ்டர்.

வாயைத் திறந்தேன். இல்லை என்று சொன்னால் அவர் என்ன நினைப்பார் என்று தெரிந்ததால் மூடிக்கொண்டேன். அவர் தலையாட்டினார். "புரியுது, புரியுது. வெளிய சொல்லக் கூடாது" என்று கையிலிருந்த டம்ளரை என்னிடம் நீட்டி, டீக்குக் காசு வாங்க மறுத்தார்.

அண்ணனுக்குப் போன் போட்டேன். எடுக்கவில்லை. மறுபடி போட்டேன். என் நம்பரைத் தடுத்துவிட்டார் என்று தெரிந்தது. எதிரே கிருஷ்ணகிரி போகிற லாரிகள் டீ குடிக்க நின்றிருந்தன. கிளீனர் ஒருவன், "ஏறுறியா சாமி?" என்றான். கேட்டதும் கை தானாகக் கதவுக்குப் போனது. பிடித்துவிட்டேன்கூட. அப்புறம் விட்டுவிட்டுக் குடியாத்தம் பஸ்ஸில் ஏறினேன். ஏன் என்று கேட்டால், நல்ல மனசு என்றெல்லாம் இல்லை. ஓசூரிலும் போன் இருக்கும். அதில் என் முகம் இருக்கும். எங்கே போனாலும் அந்த வீட்டு வாசலில்தான் நின்றுகொண்டிருப்பேன்.

விளக்கு வைக்கிற நேரத்துக்கு அந்த அம்மாவின் வாடகை ரூமைக் கண்டுபிடித்தேன். தார் சுற்றும் மெஷினுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார். மெஷின் ஓடவில்லை. என்னைப் பார்த்ததும் யார் என்று தெரிந்துவிட்டது.

"வா சாமி, வா. காலைல துண்டு கட்டிக்கினு லைட்டு தூக்கினது நீதானா? எங்க வீட்டுக்காரர் சாவு சாதாரண சாவு இல்லியாமே? இழுப்பு வந்து செத்தார்பா. பக்கத்துல உக்காந்து நெஞ்சு தடவினவ நான். உனக்கு யாரு சொன்னது, அவரா?"

தெருப் பெண்கள் இரண்டு பேர் வாசலில் நின்றார்கள். நான் நின்ற இடத்திலேயே எல்லாவற்றையும் சொன்னேன், ஸ்டாக் உட்பட.

"தறிக்காரன்ல ஒருத்தன் போன் பண்ணிட்டான். 'யக்கா, நாளைக்கு வயித்து வலி'ன்றான். நாளைக்கு வரப்போற வயித்து வலி இன்னிக்கே தெரியுது அவனுக்கு. அவன்தான் பெரிய ஆய்வாளன்."

வாசலில் நின்றவர்கள் சிரித்துவிட்டு, என் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டார்கள்.

"இன்னொருத்தர்?"

"அவன் போனே எடுக்கல. நாளைக்கு ரெண்டு பேரும் வரலன்னா, மறுநாளே மொதலாளி வண்டி வந்து பாவ அவுத்துக்கினு போய்டும். அதுக்கப்புறம் அந்த வீட்ட யாரு வாங்குவான்? வாடகைக்கு யாரு வருவான்?"

"நான் போன்ல பேசிப் போடறேன்க்கா. அங்க ஒண்ணுமில்லன்னு சொல்லிடறேன்" என்று ஆரம்பித்தேன். சொல்லும்போதே ஆம்பூர் பஸ்ஸில் வெளுத்த முகம் ஞாபகம் வந்து பேச்சு நின்றது. அந்தக் கைக்குழந்தை விஷயத்தையும் சொன்னேன்.

அந்த அம்மா என் தாடியைப் பார்த்தார்.

"அப்ப வாயால ஆவாது. உன் மூஞ்சியப் பாத்துதான பயப்படுறானுங்க? அந்த மூஞ்சியே அங்க வந்து உக்காரட்டும். தார் சுத்தத் தெரியுமா?"

"சின்ன வயசுல கொஞ்ச நாள் சுத்தியிருக்கேன்."

"போதும். மெஷின வாசல் பக்கம் போடறேன். போற வர்றவன் எல்லாம் பாக்கட்டும். பேய் புடிக்கிறவனே கூலிக்கு வேலை பாக்குற வீட்டுல பேய் எங்கருந்து வரும்?"

நான் ஒரு அடி பின்னால் போனேன். காரணத்தை எழுதத்தான் வேண்டும். சேனல் பேய்களுக்கு நான் ஒரு நாளும் பயந்ததில்லை. அவிட்டத்துக்குப் பயப்படுவேன். சின்ன வயசில் எங்கள் தெருவில் ஒரு அடைப்பு வீடு இருந்தது. அதைத் தாண்டிப் போகாமல் இருக்க, எங்கள் அம்மா தண்ணீர்க் குடத்தோடு அடுத்த தெருவைச் சுற்றிக்கொண்டு வருவாள். அது எலும்பில் இருக்கிறது. எட்டாவதோ கேமராவோ அதை எடுக்கவில்லை.

"பயமா இருக்கா?" என்றார் அந்த அம்மா, என்னவோ கண்டுகொண்ட மாதிரி.

"இருக்குதுக்கா."

"எனக்கும்தான் இருக்கு. காலைல வந்துடு. தாடிய எடுத்துடாத. எடுத்துட்டா நீ யாருன்னு எவனுக்குத் தெரியும்?"

மறுநாள் காலை நான் போனபோது ஓமப் புகை கூடம் வரைக்கும் வந்திருந்தது. ஐயர் பின் அறையைத் திறந்துவிட்டு, தட்சணையோடு சைக்கிளைத் தள்ளிக்கொண்டு கிளம்பினார். நான் ஜிப்பாவை அவிழ்த்து, நெசவில் பழுதான ஒரு லுங்கியைக் கட்டிக்கொண்டு, வாசலுக்கு நேராகத் தார் மெஷின் முன்னால் உட்கார்ந்தேன். என் முதுகு பின் அறையைப் பார்த்து இருந்தது. அந்த முதுகு முழுக்க வேர்த்தது. திறந்த அறையிலிருந்து வரும் ஒவ்வொரு சத்தமும், பல்லியோ, காய்கிற மரமோ, எனக்குத் தனித்தனியாகக் கேட்டது. திரும்பக் கூடாது என்று மட்டும் வைராக்கியமாக இருந்தேன். வாசலில் நிற்கிறவர்கள் நான் திரும்புகிறேனா என்றுதான் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

ஏனென்றால் நிஜமாகவே கூட்டம் நின்றது. சிலர் போனை நீட்டிப் படம் பிடித்தார்கள். முழுப் படம் வந்துவிட்டது என்று அவர்கள் பேச்சிலிருந்தே தெரிந்தது. "டேய், வீட்டுக்குள்ள போகாதீங்கன்னு சொன்ன ஆளு உள்ள உக்காந்துனு இருக்கான்டா." "பேய்க்குக் கட்டுப்போட வந்திருப்பான்." "கட்டுப்போடுறவன் நூலா சுத்துவான்?" நான் நிமிராமல் சுற்றினேன். நூல் அறுந்தது. முடிந்தேன். மறுபடி அறுந்தது.

வெயில் படி ஏறின பிறகு ஒரு தறிக்காரர் வந்தார். போனை எடுக்காமல் இருந்தவர். வயிற்று வலிக்காரர் வரவில்லை, வருவாரா என்றும் தெரியாது. வந்தவர் படிக்குக் கீழேயே நின்று என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"இன்னா, பேய் பாக்க வந்தியா, வேலை பாக்க வந்தியா?"

"வேலைக்குத்தாண்ணே."

"அப்ப அது எங்க போச்சி?"

அந்த அம்மா உள்ளிருந்து குரல் கொடுத்தார். "அது நாலு தறியையும் பாத்துட்டு, இங்க இருந்தா நம்மளையும் வேலை வாங்குவாங்கன்னு ஓடிப்போச்சி. நீ செருப்ப அவுத்துட்டு உள்ள வா."

அவர் சிரிக்கவில்லை. செருப்பைக் கழற்றினார். முதல் தறியின் மேல் இருந்த புடவையை உருவி, பாவை விரலால் தட்டிப் பார்த்து, பட்டனை அழுத்தினார். கூடம் முழுக்கத் தறிச் சத்தம் எழுந்தது. அதற்கப்புறம் பின் அறையில் என்ன சத்தம் வந்திருந்தாலும் எனக்குக் கேட்டிருக்காது.

கொஞ்ச நேரத்தில் தறி நின்றது. தறியில் குறுக்கே ஓடும் நாடாக்கட்டையிலிருந்து நான் சுற்றிய தாரை எடுத்து என் பக்கம் வீசினார்.

"யோவ், இது தாரா, கொட்டாங்கச்சியில சுத்தின சணலா? ரெண்டு அடி அடிக்கல, அறுந்துபோவுது. இறுக்கிச் சுத்து."

நான் அதைப் பிரித்து, நூலை விரலில் இறுக்கிப் பிடித்து, மறுபடி முதலிலிருந்து சுற்ற ஆரம்பித்தேன்.